பூட்டிய செய்தி

மாணவர்களே, தில்லியிலிருந்து நீங்கள் மதுரையிலுள்ள பாட்டிக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பும் செய்தி பல கணினிகளைக் கடந்து செல்கிறது. வழியில் பிறர் அதனைப் படிக்க இயலாதவாறு, உங்கள் கைப்பேசி அதனைப் பொருள் விளங்காத குறிகளாக மாற்றியே அனுப்புகிறது. இதுவே மறையாக்கம் எனப்படும்.

இதற்கு அடிப்படையான பொதுத்திறவி முறையை டிஃபி, ஹெல்மேன் என்னும் அறிஞர்கள் 1976இல் வெளியிட்டனர். பொதுத்திறவி பூட்டைப் போன்றது; அதனை யாருக்கும் வழங்கலாம். தனித்திறவி சாவியைப் போன்றது. அது பாட்டியின் கைப்பேசியிலேயே இருக்கும். எனவே, செய்தியைக் கொண்டுசெல்லும் நிறுவனமும் அதனைப் படிக்க இயலாது. வாட்ஸ்அப்பில் 2016 முதல் தனிப்பட்ட செய்திகள் அனைத்தும் இவ்வாறு காக்கப்படுகின்றன.

ஆயினும், மறையாக்கம் வழியை மட்டுமே காக்கும். பூட்டாமல் வைத்த கைப்பேசியையும் பிறரிடம் சொல்லிவிட்ட கடவுச்சொல்லையும் அது காக்காது. அவற்றைக் காப்பது நம் கடமையாகும்.