ஜன்னலுக்கு எந்த மரம்?

தில்லியில் சொந்த வீடு கட்டும் நம்மவர்கள் சிமெண்டையும் கம்பியையும் விசாரிக்கும் அளவுக்கு ஜன்னல் மரத்தை விசாரிப்பதில்லை. மே, ஜூன் மாத அனல்காற்றில் மரம் சுருங்கும். ஜூலை மழையில் அதே மரம் உப்பும். ஜன்னலைச் சாத்த முடியாமல் அவதிப்படுவது இதனால்தான்.

இங்கே 'சாகுவான்' என்று கேட்டால் தேக்கு கிடைக்கும். அதிகம் வளையாது; அதன் வைரப்பகுதியைக் கறையான் எளிதில் அண்டாது. விலைதான் கூடுதல். சால் மரம் கெட்டியானது, சுவரில் பதிக்கும் சட்டத்துக்கு ஏற்றது. ஆனால் நன்கு உலராவிட்டால் முறுக்கிக்கொள்ளும். இமயமலைத் தேவதாரு எடை குறைவு, எண்ணெய்ப் பசை உள்ளது. சட்டத்துக்குச் சால், ஜன்னல் கதவுக்குத் தேக்கு அல்லது தேவதாரு என்று பிரித்துப் போட்டால் செலவு மட்டுப்படும்.

எந்த மரமானாலும் வெளிறிய ஓரப்பகுதி வேண்டாம். தேக்கானாலும் அந்தப் பகுதியைக் கறையான் அரிக்கும். ஈரப்பதம் 12 சதவீதத்தை ஒட்டியிருக்கட்டும். சுவரைத் தொடும் பக்கத்தில் தார் பூசிய பிறகே பதிக்கும்படி மிஸ்திரியிடம் சொல்லுங்கள்.

முக்கியமாக, வர்ணம் அடிக்கும் முன்பே மரத்தை நேரில் போய்ப் பாருங்கள். அடித்த பிறகு எல்லா மரமும் ஒன்றுபோலத்தான் தெரியும்!