பனிமலைப் பண்டமும் கடலோரச் சமையலறையும்

கேளம்பாக்கத்திலிருந்து கோவளத்துக்குச் செல்லும் சாலையில் உப்பளங்களைக் கடந்து கடற்கரையை அடைகிறவர், விற்றுத் தீராத மீனை வீணாக்காமல் உப்பிட்டு வெயிலில் உலர்த்திக் கருவாடாக்கும் பழமையான வித்தையை அங்கே பிரத்தியட்சமாகக் காணலாம். கெட்டுப்போகும் சுபாவமுள்ள பொருளை உப்பினால் கட்டி, அதன் ஈரத்தைப் போக்கி, கடல் சீறுகிற நாட்களுக்கென்று எடுத்துவைக்கும் இந்த அறிவு ஒரு தேசத்தாருக்கு மட்டும் உரியதன்று. ஆண்டில் பல மாதங்கள் பனியால் மூடப்படும் ஆல்ப்ஸ் மலைச்சாரலின் குடியானவர்களும் இதே அறிவைக் கொண்டுதான் பன்றியிறைச்சியை உப்பிட்டுப் பதப்படுத்தினார்கள். கோடையில் மிகுந்த பாலை உறைய வைத்துப் பிழிந்து சீஸாக்கினார்கள். பின்னாளில் உருளைக்கிழங்கு வந்தபோது அதையும் இருண்ட நிலவறைகளில் குவித்துப் பனிக்காலத்தைக் கடத்தினார்கள். இந்த மூன்று சேமிப்புகளும் ஒரே பாத்திரத்தில் அடுக்கப்பட்டு, மேல்பக்கம் பொன்னிறமாகச் சிவக்கும்வரை அனலில் வைக்கப்பட்டபோது உண்டான பதார்த்தத்தைத்தான், சீஸும் பேக்கனும் சேர்ந்த உருளைக்கிழங்கு பேக் என்று இன்று நம் பிள்ளைகள் ஆசையோடு கேட்டு உண்கிறார்கள்.

கிழக்குக் கடற்கரைச் சாலையில் முட்டுக்காடு முதல் மாமல்லபுரம் வரை வரிசையாக நிற்கும் உணவுச்சாலைகளில் இத்தகைய பண்டங்களுக்குக் கொடுக்கும் விலையைப் பார்த்தவர்கள், இது செல்வந்தர்களின் ஆடம்பரம் என்று எண்ணுவது இயல்பே. ஆனால் இது சிக்கனத்தின் சிருஷ்டி. கையில் இருப்பதைக் கொண்டு குடும்பத்தின் வயிற்றை நிறைக்க நினைத்த எளிய மனிதர்களின் சிருஷ்டி. அந்த உண்மையை மனத்தில் கொண்டு அடுப்படிக்குச் சென்றால்தான் இதன் பக்குவம் சரியாக விளங்கும் என்பது என் திடமான அபிப்பிராயம். பதப்படுத்திய இறைச்சி இதில் வாசனைக்காகச் சேர்வது. வயிற்றை நிரப்புவது கிழங்கே. இந்த விகிதத்தை மறந்து இறைச்சியையும் சீஸையும் அள்ளிக் கொட்டுகிறவர்கள் செலவும் செய்து ருசியையும் கெடுத்துக்கொள்ளுகிறார்கள்.

தென் அமெரிக்காவில் ஆண்டீஸ் மலையில் டிட்டிகாக்கா ஏரியைச் சூழ்ந்த பிரதேசத்தில் பல்லாயிரம் ஆண்டுகளாகப் பயிராகி வந்த உருளைக்கிழங்கு, பதினாறாம் நூற்றாண்டில் ஸ்பானியர்களால் ஐரோப்பாவை அடைந்தது. அங்கே அது உடனே கௌரவம் பெற்றுவிடவில்லை. பிரான்ஸில் நெடுங்காலம் அது கால்நடைத் தீவனமாகவே கருதப்பட்டது. 1788-ஆம் ஆண்டு ஜூலை மாதம் 12-ஆம் தேதி, பிரான்ஸின் மலைநகரமான கேப்பில் கிளெர்மான் தொன்னேர் பிரபு நகர அதிகாரிகளுக்கு அளித்த விருந்தில், மெல்லிய வட்டங்களாகச் சீவிய கிழங்கைப் பாலேட்டில் ஊறவைத்து அனலில் வேகவைத்த ‘கிராத்தேன் தோஃபினுவா’ என்ற பண்டம் பரிமாறப்பட்டதாகப் பதிவு சொல்கிறது. அடுத்த ஆண்டு அந்தத் தேசத்தில் புரட்சி மூண்டது; பிரபுக்களின் காலம் போயிற்று, கிழங்கு நிலைத்தது. அந்தப் பழைய முறையில் சீஸ் கிடையாது; பக்கத்துப் பிரதேசமான சவாயில்தான் சீஸ் சேர்ப்பார்கள். அதே சவாயில் ரெப்லொஷோன் என்ற சீஸைத் தயாரிப்பவர்கள் தங்கள் பொருளின் விற்பனையைப் பெருக்குவதற்காக, உப்பிட்ட பன்றியிறைச்சித் துண்டுகளும் வெங்காயமும் கிழங்கும் சேர்ந்த ‘தார்த்திஃப்லெத்’ என்ற பண்டத்தை 1980-களில் பிரபலப்படுத்தினார்கள். நாம் இங்கே எடுத்துக்கொண்டிருக்கும் பண்டத்துக்கு மிகவும் நெருங்கிய உறவு அதுவே.

கோவளத்துக்கு ஐரோப்பியர் சகவாசம் புதிதன்று. 1722-இல் ஆறாம் சார்லஸ் பேரரசரிடம் சாசனம் பெற்ற ஆஸ்டெண்ட் கம்பெனியார் இங்கே ஒரு வாணிபத் தலம் வைத்திருந்தார்கள். பின்னர் பிரெஞ்சுக்காரர் வசமிருந்த கோட்டையை 1752-இல் ராபர்ட் கிளைவ் கைப்பற்றினார். அந்தக் கோட்டை இருந்த கடலோரத்தில் 1974-இல் தாஜ் குழுமத்தின் விடுதி எழுந்தது. ஆயினும் உருளைக்கிழங்கு நமக்குச் சொந்தமான கதை இந்தக் கரையில் நிகழவில்லை, மலையில் நிகழ்ந்தது. 1819-இல் நீலகிரிக்குச் சென்ற கோயம்புத்தூர் கலெக்டர் ஜான் சல்லிவன், உதகையில் குடியிருந்து தோட்டம் வளர்த்த காலத்தில் ஐரோப்பியக் காய்கறிகளோடு உருளைக்கிழங்கையும் அங்கே பயிரிட வழிசெய்தார். மலைக்காற்றும் மண்ணும் அதற்கு இசைந்தன. மேட்டுப்பாளையம் மண்டிகளின் வழியாக அது சமவெளிக்கு இறங்கி, நம் மசாலாவிலும் பொரியலிலும் கலந்து, அந்நியம் என்ற நினைவே இல்லாமல் போயிற்று. 1961-இல் நீலகிரி வயல்களில் வேரைத் தாக்கும் நூற்புழு கண்டுபிடிக்கப்பட்டு, அங்கிருந்து விதைக்கிழங்கு வெளியே செல்வதே தடைப்படும் நிலை வந்தது. உதகையை அடுத்த முத்தோரையில் உள்ள மத்திய உருளைக்கிழங்கு ஆராய்ச்சி நிலையத்தார் அந்தப் புழுவை எதிர்த்து நிற்கும் ‘குஃப்ரி ஸ்வர்ணா’ போன்ற ரகங்களை உருவாக்கி உழவர்களுக்குத் துணை நின்றார்கள். நாம் கடையில் அலட்சியமாகப் பொறுக்கிப் போடும் ஒரு கிழங்குக்குப் பின்னால் இத்தனை பேருடைய உழைப்பு இருக்கிறது.

இந்தப் பண்டத்துக்குக் கிழங்கைத் தேர்ந்தெடுப்பதில் சற்று விவேகம் வேண்டும். குளிர்சாதனக் கிடங்கில் நெடுநாள் இருந்த கிழங்கில் மாவுச்சத்தின் ஒரு பகுதி சர்க்கரையாக மாறிவிடுகிறபடியால், அது வேகும்போது தித்திக்கும். அனல் பட்ட இடம் விரைவில் கருகும். புதிதாக வந்த, தோல் இறுகிய, முளைவிடாத கிழங்கே உத்தமம். பச்சை படர்ந்த கிழங்கை ஒதுக்கிவிட வேண்டும். அந்தப் பச்சை, உடலுக்கு ஆகாத சோலனின் என்ற பொருள் அதில் மிகுந்திருக்கக் கூடும் என்பதற்கு அடையாளம். வெந்ததும் முற்றிலும் மாவாக உதிர்ந்துபோகும் கிழங்கு அடுக்கு நிற்காது. வெந்தும் கட்டியாகவே நிற்கும் கிழங்கு பாலை உள்ளே வாங்காது. இரண்டுக்கும் நடுவான பதமே வேண்டியது.

சீஸைப் பற்றியும் சொல்லவேண்டும். நம் நாட்டில் அதைச் சாதாரண வீடுகளுக்குக் கொண்டுவந்த பெருமை குஜராத்தின் கைரா மாவட்டப் பால் கூட்டுறவைச் சேர்ந்தது. எருமைப்பாலிலிருந்து பால்பவுடர் செய்ய முடியாது என்று மேல்நாட்டு நிபுணர்கள் கூறிய காலத்தில் அதைச் செய்து காட்டியவர் எச். எம். தலாயா, அவரைத் தூண்டித் துணைநின்றவர் வர்கீஸ் குரியன். அதைத் தயாரித்த ஆனந்த் ஆலை 1955-இல் திறக்கப்பட்டது. பின்னர் அதே ஸ்தாபனம் சீஸும் தயாரிக்கத் தொடங்கியது. கன்றின் இரைப்பையிலிருந்து எடுக்கும் உறைபொருளுக்குப் பதிலாக நுண்ணுயிர்களிலிருந்து பெற்ற உறைபொருளைக் கொண்டு அதைச் செய்தபடியால் மரக்கறி உண்பவர்களும் தயக்கமின்றி ஏற்றார்கள். கட்டியாகவும் கன சதுரமாகவும் விற்கும் இந்தப் பதப்படுத்திய சீஸில், புரதத்தையும் கொழுப்பையும் பிரியாமல் பிணைத்துவைக்கும் உப்புகள் சேர்ந்திருப்பதால், அது சூட்டில் வழவழப்பாக உருகும், எண்ணெய் கக்காது. ஆனால் மேலே அழகாகச் சிவப்பதில் அது பின்தங்கியது. ஆகையால் குழம்பில் கலக்க அதையும், மேலே தூவச் செட்டார் அல்லது மொஸரெல்லாவையும் பயன்படுத்துவது சிறந்தது. குன்னூரிலும் கொடைக்கானலிலும் ஆரோவில்லிலும் செய்யும் சீஸ்கள் கிடைக்குமானால் அது விசேஷம்.

பேக்கனுக்கு வருவோம். வெண்பன்றி வளர்ப்பைப் பற்றித் தாம்பரத்துக்குத் தெற்கே ஜி.எஸ்.டி. சாலையோரத்திலுள்ள காட்டுப்பாக்கத்தில் கால்நடை மருத்துவப் பல்கலைக்கழகத்தாரின் ஆராய்ச்சி நிலையம் ஒன்று உழவர்களுக்குப் பயிற்சி அளித்துவருகிறது. பெரிய வெள்ளை யார்க்‌ஷயர் என்ற இனத்தை அங்கே சுத்தமான கொட்டில்களில் வளர்க்கிறார்கள். தெருவில் திரியும் பன்றியை நினைத்து அருவருக்கும் நம்மவர்கள் ஒருமுறை இத்தகைய பண்ணையைப் பார்த்தால் எண்ணம் மாறும். பன்றியின் வயிற்றுப்புறத்துத் தசையை உப்பும் சிறிது நைட்ரைட்டும் சேர்த்து ஊறவைத்துப் புகையூட்டுவதே பேக்கன். நைட்ரைட்டால் இறைச்சி சிவப்பாக நிற்கிறது. போட்டுலிசம் என்ற கொடிய நோயை உண்டாக்கும் கிருமிகளும் தடுக்கப்படுகின்றன. கடையில் கிடைப்பது பெரும்பாலும் பச்சையானதே. நன்றாக வேகவைக்காமல் உண்ணலாகாது. உலக சுகாதார ஸ்தாபனத்தைச் சேர்ந்த புற்றுநோய் ஆராய்ச்சி நிறுவனம் 2015-இல், பதப்படுத்திய இறைச்சியைப் புற்றுநோய்க்குக் காரணமாகும் பொருள்களின் வரிசையில் வைத்தது. எனவே இதை அன்றாட உணவாக்காமல், அபூர்வமாக, குறைந்த அளவில் சேர்ப்பதே அறிவுடைமை. மலைக் குடியானவர்கள் சிக்கனத்துக்காகக் கைக்கொண்ட அளவு ஆரோக்கியத்துக்கும் உகந்ததாக அமைந்திருப்பதைக் கவனிக்க வேண்டும்.

ஆறு பேருக்கு ஒரு கிலோ கிழங்கும் 150 கிராம் பேக்கனும் 200 கிராம் சீஸும் போதும். 600 மில்லி நிறைகொழுப்புப் பால், அதாவது ஆவினின் ஆரஞ்சு நிறப் பாக்கெட்டில் வருவது, ஒரு பெரிய வெங்காயம், இரண்டு மேசைக்கரண்டி மைதா, அரைத் தேக்கரண்டி மிளகுத்தூள், சிட்டிகை ஜாதிக்காய்த்தூள் ஆகியவை துணைப்பொருள்கள். பேக்கனை ஒரு விரற்கடை அளவு துண்டுகளாக்கி, சூடேறாத வாணலியில் போட்டு, சிறு தீயில் வைக்கவேண்டும். தீயை அவசரப்பட்டுப் பெருக்கினால் வெளிப்புறம் கருகி, கொழுப்பு உள்ளேயே தங்கிவிடும். நிதானமாக வைத்தால் கொழுப்பு முழுவதும் இளகி வெளியே வந்து, துண்டுகள் மொறுமொறுப்பாகும். அவற்றை எடுத்து வைத்துவிட்டு, வாணலியில் நிற்கும் கொழுப்பில் இரண்டு கரண்டியளவு மட்டும் நிறுத்திக்கொண்டு, வெங்காயத்தை அதிலேயே வதக்கவேண்டும். வெண்ணெய் வாங்கும் செலவு மிச்சம் என்பது ஒருபுறமிருக்க, புகையின் மணம் பண்டம் முழுவதும் பரவுவதற்கு இதுவே உபாயம்.

வெங்காயம் மெத்தென்றானதும் மைதாவைத் தூவி ஒரு நிமிஷம் கிளறி, பாலைச் சிறிது சிறிதாக ஊற்றிக் கட்டியில்லாமல் கலக்க வேண்டும். இந்த மைதாவை அலட்சியம் செய்யக்கூடாது. கிழங்கிலுள்ள புளிப்பும் துவர்ப்பும் பாலின் புரதத்தைச் சூட்டில் திரித்துவிடக் கூடியவை. மாவுச்சத்து நடுவே நின்று அதைத் தடுத்துக் காக்கிறது. அதனாலேயே, சீவிய கிழங்கை இதற்குத் தண்ணீரில் அலசக் கூடாது. பொரியலுக்கு அலசும் பழக்கத்தில் கை தானாகப் போகும், தடுத்துக்கொள்ள வேண்டும். ஒரு ரூபாய் நாணயத்தைவிடச் சற்றே தடித்த வட்டங்களாக, எல்லாம் ஒரே கனமாகச் சீவி, உடனே பாலில் போட்டு, பத்து நிமிஷம் மெல்லிய தீயில் கொதிக்கவிட வேண்டும். பிறகு அடுப்பை அணைத்து, கொதிப்பு அடங்கிய பின்பே பாதிச் சீஸைத் துருவிச் சேர்க்க வேண்டும். கொதிக்கும் பாலில் சீஸைப் போட்டால் புரதம் இறுகி, கொழுப்பு தனியே மிதக்கும். பேக்கனிலும் சீஸிலும் உப்பு இருக்கிறது. ஆகவே ருசி பார்த்த பிறகே உப்பு. பெரும்பாலும் தேவையே இராது.

இரண்டு லிட்டர் கொள்ளும் கண்ணாடி அல்லது பீங்கான் தட்டில் இதை ஊற்றி, பாதிப் பேக்கனை நடுவில் இட்டு, மீதிச் சீஸை மேலே தூவி, முன்னரே 180 டிகிரி சூடேற்றிய ஓவனில் நாற்பது நிமிஷம் வைக்கவேண்டும். மீதிப் பேக்கனைக் கடைசிப் பத்து நிமிஷத்தில் தூவினால் கருகாது. கத்தி முனை தடையின்றிக் கிழங்கில் இறங்கி, ஓரங்களில் குழம்பு கொப்பளிப்பதே பதம். வெளியே எடுத்தவுடன் வெட்டாமல் கால் மணி ஆறவிட வேண்டும். அந்த அவகாசத்தில் மாவுச்சத்து இறுகி அடுக்குகள் ஒன்றையொன்று பற்றிக்கொள்ளும்.

ஓவன் இல்லாத வீட்டில் என்ன செய்வது? அடிகனத்த பெரிய பாத்திரத்தில் மணல் பரப்பி, முக்காலி வைத்து, மூடிச் சூடேற்றி, அதனுள் தட்டை வைத்து வேகவிடலாம். மேல்பக்கம் சிவக்க வேண்டுமானால் மூடியின்மேல் தணல் பரப்ப வேண்டும். பரங்கிமலை, பெரம்பூர் ஆகிய இடங்களிலிருந்த ஆங்கிலோ-இந்தியக் குடும்பங்களில் மேலும் கீழும் தணலிட்டுக் கேக் சுடும் இந்த வழக்கம் இருந்தது. கிறிஸ்துமஸ் சமயத்தில் மாவுத் தட்டுகளை ரொட்டிக்கடை அடுப்புக்கு எடுத்துச்சென்று சுட்டு வாங்குவதும் உண்டு.

கோவளத்தில் கார்மேல் மாதா கோயிலும் தமீம் அன்சாரி தர்காவும் ஒரே ஊரில் இருக்கின்றன. ஆகவே, பன்றியிறைச்சியைத் தொடாதவர்கள் வீட்டிலும் இந்தப் பண்டம் மணக்க வேண்டும் என்பது என் ஆசை. சுவீடன் தேசத்தார் கிறிஸ்துமஸ் விருந்தில் உண்ணும் ‘யான்ஸனின் சபலம்’ என்ற பண்டத்தில், நெத்தலியைப் போன்ற ஒரு சிறுமீனை உப்பும் வாசனைத் திரவியங்களும் சேர்த்து ஊறவைத்து, உருளைக்கிழங்கோடும் வெங்காயத்தோடும் பாலேட்டோடும் சேர்த்து அனலில் வைக்கிறார்கள். எனவே நெத்தலிக் கருவாட்டைச் சேர்ப்பது விபரீதமான காரியமன்று. தலையைக் கிள்ளி, வெந்நீரில் ஊறவைத்து இரண்டு முறை அலசி, சிறிது வெண்ணெயில் முறுக வறுத்து, ஒரு கிலோ கிழங்குக்கு ஐம்பது கிராமுக்கு மேற்படாமல் சேர்க்கலாம். புகையின் மணமே வேண்டும் என்பவர்களுக்கு மாசிக்கருவாடு இருக்கிறது. சூரை மீனை அவித்துப் புகையூட்டி உலர்த்திய அதனைப் பொடித்து ஒரு கரண்டி போட்டால் போதும். மரக்கறி உண்பவர்கள் காளானை ஈரம் வற்றும்வரை வதக்கிச் சேர்க்கலாம்.

மிஞ்சியதை நம் கடலோர வெப்பத்தில் மேசையின் மேல் இரண்டு மணி நேரத்துக்குமேல் விட்டுவைக்கக் கூடாது. பாலும் கிழங்கும் சேர்ந்தது விரைவில் கெடும். குளிர்ப்பெட்டியில் மூடி வைத்தால் மறுநாள் இறுகிக் கட்டியாக நிற்கும். அதைச் சதுரங்களாக வெட்டி, எண்ணெய் விடாமலே தோசைக்கல்லில் இரண்டு பக்கமும் சிவக்கும்படி திருப்பிப் போட்டுச் சுட்டெடுத்தால், முதல்நாள் உண்டதைவிட இதுவே மேல் என்று சொல்கிறவர்கள் உண்டு. எனக்கும் அப்படியே தோன்றுகிறது.