கியூ எழுத்தும் உலக ஊர்ப்பெயர்களும்

கியூ என்பது இலத்தீன் நெடுங்கணக்கின் 17 ஆவது எழுத்து ஆகும். ஆங்கிலத்தில் மிகக் குறைவாகப் பயன்படும் எழுத்துகளுள் இதுவும் ஒன்று. ஆங்கிலச் சொற்களில் இதனை அடுத்து யூ என்னும் எழுத்து வருவதே வழக்கம். ஆனால் உலக வரைபடத்தைப் பார்த்தால் இந்த வழக்கம் நிற்பதில்லை. கத்தார் என்னும் நாட்டுப்பெயரில் இவ்வெழுத்தை அடுத்து ஏ வருகிறது. ஈராக் என்னும் பெயரோ இவ்வெழுத்திலேயே முடிகிறது. பெயர்தோறும் ஒலிப்பும் மாறுகிறது. எனவே ஒரு வெளிநாட்டுப் பெயரைத் தமிழில் எழுத, அதன் எழுத்தை மட்டும் பார்த்தால் போதாது. அது எந்த மொழிப் பெயர் என்பதையும் அறிய வேண்டும்.

எழுத்தின் வரலாறு

பினீசியரின் கோஃப் என்னும் எழுத்தே இதன் மூலம். கிரேக்கர் அதைக் கோப்பா என்ற பெயரில் ஏற்றனர். கொரிந்து நகர நாணயங்களில் அந்நகரின் முதலெழுத்தாக இது பொறிக்கப்பட்டது. கிரேக்க மொழியில் இதற்கெனத் தனி ஒலி இல்லாததால் பின்னர் நெடுங்கணக்கிலிருந்து நீங்கி, 90 என்ற எண்ணின் குறியாக மட்டும் நிலைத்தது. எத்ரஸ்கர் வழியாக உரோமருக்கு வந்தபோது, யூ எழுத்துடன் சேர்ந்து 'க்வ' என்னும் ஒலியைக் குறித்தது.

பழைய ஆங்கிலத்தில் இந்த ஒலியைச் சீ, டபிள்யூ ஆகிய எழுத்துகளின் இணையால் எழுதினர். 1066 இல் நார்மானியர் இங்கிலாந்தைக் கைப்பற்றிய பின், பிரெஞ்சு எழுத்தர்களின் வழக்கம் பரவியது. குவீன், குவிக் போன்ற சொற்கள் ஆங்கிலத்திற்கே உரியவை. அவற்றின் எழுத்துக்கோலம் மட்டுமே வந்தேறியது. நாம் கடைவாசலில் நிற்கும் 'கியூ' வரிசை, வால் என்று பொருள்படும் பிரெஞ்சுச் சொல்லாகும்.

அரபு மொழியில்

தமிழின் ககரம் முதல் நாவும் முதல் அண்ணமும் பொருந்தப் பிறப்பது என்று தொல்காப்பியம் கூறுகிறது. அரபு மொழியின் 'காஃப்' அதற்கும் பின்னால், உள்நாக்கை ஒட்டிப் பிறக்கிறது. அரபியில் சாதாரணக் ககரத்திற்கு வேறோர் எழுத்து உண்டு. இரண்டையும் வேறுபடுத்தவே இலத்தீன் எழுத்தில் ஒன்றைக் கே எனவும் மற்றதைக் கியூ எனவும் எழுதுகின்றனர்.

இந்த உள்நாக்கு ஒலி உடைய பல அரபுச் சொற்கள் பாரசீகம், உருது வழியாகத் தமிழுக்கும் வந்துள்ளன. கைதி, பாக்கி, நகல், கிஸ்தி, தாலுகா, இலாகா, கசாப்பு ஆகியவை அவற்றுள் சில. தமிழில் இவை எல்லாம் ககரமாகவே ஒலிக்கின்றன.

சீன மொழியில்

சீன மொழியை இலத்தீன் எழுத்தில் எழுதும் பின்யின் முறை 1958 இல் சீனாவில் ஏற்கப்பட்டது. அதில் கியூ எழுத்து, 'பச்சை' என்னும் சொல்லின் சகரத்தை மூச்சுக்காற்றுடன் ஒலிப்பது போன்ற ஒலிக்கு உரியது. கி.மு. 221 இல் சீனாவை ஒன்றிணைத்த சின் அரசமரபு, கடைசி அரசமரபான சிங், சிங்தாவ் துறைமுகம், சோங்சிங் மாநகரம் ஆகியவை இவ்வாறு ஒலிக்க வேண்டியவை. ஆங்கில எழுத்தைப் பார்த்து 'கிங்தாவ்' என்று எழுதுவது பிழை.

ஆப்பிரிக்காவிலும் தீவுகளிலும்

தென்னாப்பிரிக்காவின் சோசா, சூலு மொழிகளில் இது ஒரு சொடுக்கொலி. நாக்கை மேலண்ணத்தில் ஒட்டி, சட்டென்று கீழே இழுத்தால் 'டொக்' என்று எழும் ஒலி அது. நெல்சன் மண்டேலா சிறுவயதில் வளர்ந்ததும் 2013 இல் அடக்கம் செய்யப்பட்டதுமான குனு என்னும் சிற்றூரின் பெயர் இந்த ஒலியில்தான் தொடங்குகிறது. போர்ட் எலிசபெத் நகருக்கு 2021 இல் சூட்டப்பட்ட புதிய பெயரிலும் இவ்வொலி உண்டு.

பிஜி மொழியில் இவ்வெழுத்து 'ங்க' என ஒலிக்கும். சூடான கற்களின் மேல் நடக்கும் சடங்கிற்குப் பெயர்பெற்ற தீவின் பெயரை ஆங்கில எழுத்தைக் கொண்டு 'பெகா' எனப் படிப்பர். அதன் சரியான ஒலிப்பு 'ம்பெங்கா'. மால்டா நாட்டு மொழியில் இது தொண்டையில் எழும் ஒரு தடையொலி. 'குர்ஆன்' என்னும்போது ரகரத்திற்கும் ஆகாரத்திற்கும் இடையே நேரும் நிறுத்தத்தைப் போன்றது. அசர்பைஜான் மொழியிலோ, 'தங்கம்' என்னும் சொல்லில் வரும் மெல்லிய ககரமாக ஒலிக்கிறது.

அமெரிக்கக் கண்டங்களில்

கியூபெக் என்னும் பெயர், ஆறு குறுகும் இடம் எனப் பொருள்படும் அல்கோன்கியச் சொல்லிலிருந்து பிறந்தது. பிரெஞ்சில் இதன் ஒலிப்பு 'கெபெக்'. எக்குவடோரின் தலைநகர் ஸ்பானிய முறைப்படி 'கித்தோ' ஆகும். இவ்விரு மொழிகளிலும் இங்கு யூ ஒலிப்பதில்லை.

வட கனடாவில் இனுயிட் மக்களின் நுனாவுட் ஆட்சிப்பகுதி 1999 இல் உருவானது. அதன் தலைநகர் இக்காலுவிட். மீன்கள் நிறைந்த இடம் என்பது பொருள். 2009 இல் கனடாப் பிரதமர் அலுவலகம் வெளியிட்ட செய்திக்குறிப்பில், பழக்கத்தால் கியூவுக்குப் பின் ஒரு யூ சேர்க்கப்பட்டுவிட்டது. அவ்வாறு எழுதினால் அம்மக்கள் மொழியில் 'துடைக்காத பின்புறம் உடையோர்' என்று பொருளாகிவிடும்.

எழுத்தும் உரிமையும்

துருக்கி 1928 இல் இலத்தீன் எழுத்துக்கு மாறியபோது வகுத்த 29 எழுத்துகளில் கியூ, டபிள்யூ, எக்ஸ் மூன்றும் இல்லை. குர்து மொழிக்கோ இம்மூன்றும் தேவை. டமாஸ்கசில் 1932 இல் தொடங்கிய 'ஹாவார்' இதழ் வழியாகக் குர்து இலத்தீன் எழுத்துமுறை பரவியது. துருக்கியில் வாழும் குர்துகள் இவ்வெழுத்துகள் கொண்ட பெயர்களைப் பிள்ளைகளுக்குப் பதிவு செய்ய முயன்றபோது மறுக்கப்பட்டனர். இவ்வெழுத்துகளின் மீதான தடையை நீக்குவதாகத் துருக்கி அரசு அறிவித்தது 2013 இல்தான். எல்லையை அடுத்துச் சிரியாவில் உள்ள கமிஷ்லி நகரின் பெயரைக் குர்துகள் கியூவிலும் துருக்கியர் கேயிலும் தொடங்கி எழுதுகின்றனர்.

தமிழில் எழுதும் முறை

இவ்வாறு 'க்வ', ககரம், உள்நாக்கு ஒலி, சகரம், சொடுக்கொலி, 'ங்க', தொண்டைத்தடை, மெல்லிய ககரம் என எட்டு ஒலிகளை ஒரே எழுத்து சுமக்கிறது. தமிழ் எழுத்தில் இவற்றுள் சிலவற்றை அப்படியே காட்டலாம். உள்நாக்கு ஒலிக்கும் சொடுக்கொலிக்கும் ககரமே அருகில் நிற்கும் எழுத்து. மாணவர்கள் முதலில் பெயரின் மொழியை அறிந்து, பின் அம்மொழியாளர் ஒலிப்பதைக் கேட்டு, அதற்கு நெருங்கிய தமிழ் எழுத்தைத் தேர்ந்து எழுதுதல் நன்று. ஊரின் பெயரை அவ்வூரார் சொல்வதற்கு நெருக்கமாகச் சொல்வது அவர்களுக்குச் செய்யும் மரியாதையும் ஆகும்.