தெருவை எழுதும் ஒளிப்படம்

ஒரு நகரத்தின் வரலாறு அரண்மனையில் மட்டும் அடங்குவதன்று. அதன் தெருக்களிலும் உள்ளது. தமிழ்ப் புலவர்கள் இதனை நன்குணர்ந்திருந்தனர். மாங்குடி மருதனார் பாடிய மதுரைக்காஞ்சியில் பாண்டியன் நெடுஞ்செழியனின் புகழோடு நாளங்காடி, அல்லங்காடி என்னும் பகல், இரவுக் கடைத்தெருக்களும் அங்கு இயங்கும் மக்களும் இடம்பெறுகின்றனர். அன்று புலவர் சொல்லால் ஆற்றிய பணியை இன்று ஒளியால் ஆற்றுபவர் தெரு ஒளிப்படக் கலைஞர் ஆவார். இக்கலை நடந்து வந்த வழியினை அதே மதுரையைக் கொண்டு விளக்கலாம்.

ஆளில்லாத் தெரு

சென்னை மாகாண அரசின் ஒளிப்படக்காரராக விளங்கிய லின்னேயஸ் டிரைப் 1858-இல் மதுரையைப் படமெடுத்தார். அவற்றில் கோயிலின் தூண்களும் திருமலை நாயக்கர் மகாலும் துல்லியமாகத் தெரிகின்றன. மக்களைக் காண்பது அரிது. அக்காலக் காகித எதிர்ப்படிமத்தில் ஒளி பதிய நெடுநேரம் பிடித்தது. ஆகவே, அசையாத கல் பதிந்தது. நடமாடிய மனிதர் பதியவில்லை.

பெயரில்லா முகம்

கைக்கடக்கமான லைக்கா காமிரா 1925-இல் விற்பனைக்கு வந்தபின் நிலைமை மாறிற்று. நடப்பவரை நடக்கும் நொடியிலேயே பிடிக்க முடிந்தது. அதனைக் கையாண்டு புகழ்பெற்ற பிரெஞ்சுக் கலைஞர் ஹென்றி கார்த்தியே பிரெஸ்ஸான் (1908-2004), 1950-இல் மதுரைக்கு வந்தார். பசியால் எலும்பும் தோலுமான ஒரு குழந்தையைத் தாயின் அணைப்பில் வைத்துக் காட்டும் அவரது படம் உலகறிந்தது. படக்குறிப்பில் ஊரும் ஆண்டும் உண்டு. அத்தாயின் பெயர் இல்லை.

பெயருள்ள மனிதர்

இக்குறையை நிறைவு செய்பவராக மதுரை மண்ணின் மைந்தர் எம். பழனிக்குமாரைக் கூறலாம். இவர் மீன் விற்கும் தாயின் மகன். மனிதக் கழிவை மனிதர் அகற்றுவதற்கு எதிரான சட்டம் 2013-இல் வந்தபின்னும் அக்கொடுமை தொடர்வதைக் காட்டிய ‘கக்கூஸ்’ (2017) ஆவணப்படத்தின் ஒளிப்பதிவாளர் இவரே. பி. சாய்நாத் 2014-இல் தொடங்கிய ‘பாரி’ என்னும் ஊரக மக்கள் ஆவணக் காப்பகத்தில் பணியாற்றி வரும் இவர், தயாநிதா சிங்-பாரி ஆவண ஒளிப்பட விருதை 2022-இல் முதன்முதலாகப் பெற்றவர். துப்புரவுத் தொழிலாளர், உப்பளப் பெண்கள், தம் தாய் என இவர் படமெடுத்தோர் பலரும் பெயரோடும் தம் சொந்தச் சொற்களோடும் நம்முன் நிற்கின்றனர்.

நமது கடமை

இன்று ஒவ்வொரு மாணவர் கையிலும் செல்பேசிக் காமிரா உள்ளது. பொள்ளாச்சியில் செவ்வாயும் வியாழனும் கூடும் மாட்டுச்சந்தையில் நிற்கும் வியாபாரி, தேங்காய் உரிக்கும் தொழிலாளி, நார்க் களத்தில் உழைக்கும் பெண் ஆகியோரின் வாழ்வும் நம் ஊரின் வரலாறே. அவர்களைப் பதிவு செய்வது நற்பணி என்பதில் ஐயமில்லை. ஆயினும் ஒன்றை மறத்தலாகாது. பிறர் இல்லத்துள் நுழையுமுன் ஸலாம் கூறி அனுமதி பெறுமாறு நம் மார்க்கம் பணிக்கிறது. மனிதரின் முகமும் ஓர் இல்லமே. அனுமதி கேட்டுப் பெயரை அறிந்தபின் படமெடுப்போம். எடுத்ததை முதலில் அவரிடமே காட்டுவோம். மறுத்தால் வணங்கி விலகுவோம். அவ்வாறு எடுக்கும் படமே கலையும் ஆகும், அறமும் ஆகும்.