பிரிவு ஆட்டங்களின் கணக்கு

உலகக் கிண்ணக் கிரிக்கெட் பந்தயம் தொடங்கிவிட்டால், கேரளத்தின் தென்கோடியிலுள்ள பாறசாலை, நெய்யாற்றின்கரை வட்டார ஊர்களில் தமிழும் மலையாளமும் ஒருங்கே கலந்து ஆட்டப் பேச்சு நிகழும். 1956ஆம் ஆண்டு நவம்பர் 1ஆம் நாள் தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு வட்டங்கள் தமிழகத்தோடு இணைந்தன. நெய்யாற்றின்கரை வட்டம் கேரளத்தில் நின்றது. எனினும் களியக்காவிளைக்கு இப்பாலும் தமிழ்க் குடும்பங்கள் வாழ்கின்றன. அவர்கட்கும், பிழைப்பை நாடி வேறு மாநிலங்களில் குடியேறியுள்ள ஏனைய தமிழன்பர்கட்கும் பொதுவானதொரு ஐயம் உண்டு. ஓர் அணி இரண்டு மூன்று ஆட்டங்களில் தோற்றும் அடுத்த சுற்றுக்குச் செல்கிறது. அதே அளவு வெற்றி பெற்ற மற்றோர் அணி ஊர் திரும்புகிறது. இது எவ்வாறு நேர்கிறது? இக்கணக்கின் அடிப்படையை ஈண்டுச் சுருக்கமாகக் காண்போம்.

பந்தயங்களை நடத்தும் முறை இருவகைப்படும். தோற்றவர் உடனே விலகுவது ஒரு முறை. அணிகளைப் பிரிவுகளாக வகுத்து, ஒவ்வோர் அணியும் தன் பிரிவிலுள்ள மற்ற அணிகளோடு ஆட, இறுதியில் புள்ளிகளைக் கூட்டி முன்னிற்போரைத் தேர்வது மற்றொரு முறை. இவ்விரண்டாம் முறையில் நிகழ்வனவே பிரிவு ஆட்டங்கள். 2023ஆம் ஆண்டு உலகக் கிண்ணத்தில் 10 அணிகளும் ஒரே பட்டியலில் நின்று தலைக்கு 9 ஆட்டங்கள் ஆடின. முதல் நான்கு அணிகள் அரையிறுதிக்குச் சென்றன.

தோல்வியைப் பொறுத்துக்கொள்வதே இம்முறையின் சிறப்பு. 1983ஆம் ஆண்டில் இந்திய அணி தன் பிரிவில் ஆறு ஆட்டங்கள் ஆடியது. ஆஸ்திரேலியாவிடம் 162 ஓட்டங்களிலும், மேற்கிந்தியத் தீவுகளிடம் 66 ஓட்டங்களிலும் அது தோற்றது. தோற்றவர் விலகும் முறையாயிருப்பின் நம் அணியின் கதை அங்கேயே முடிந்திருக்கும். ஆனால் மற்ற நான்கு ஆட்டங்களின் வெற்றி அதனை அரையிறுதிக்குக் கொண்டுசென்றது. ஜூன் 25ஆம் நாள் நடந்த இறுதி ஆட்டத்தில், சென்னையைச் சேர்ந்த ஸ்ரீகாந்த் எடுத்த 38 ஓட்டங்களே இரு தரப்பிலும் மிக அதிகமானவை. அன்று கிண்ணம் நம்மிடம் வந்தது.

இனி, மழையின் பங்கைக் காண்போம். பாறசாலையிலிருந்து ரயிலேறித் திருவனந்தபுரம் சென்று ஆட்டம் காண விழைவோர் மழையின் குணத்தை நன்கறிவர். 2023 உலகக் கிண்ணத்திற்கு முன்னர் காரியவட்டம் மைதானத்தில் நான்கு பயிற்சி ஆட்டங்கள் ஏற்பாடாகியிருந்தன. செப்டம்பர் 29ஆம் நாளும் அக்டோபர் 3ஆம் நாளும் ஒரு பந்துகூட வீசப்படவில்லை. செப்டம்பர் 30ஆம் நாள் ஆட்டம் முடிவின்றி நின்றது. அக்டோபர் 2ஆம் நாள் ஆட்டம் ஒன்றே, மழைவிதிப்படி, முடிவு கண்டது. அவை பயிற்சி ஆட்டங்களாதலின் புள்ளிப் பட்டியலுக்கு ஊறு ஏதும் நேரவில்லை. பிரிவு ஆட்டத்தில் மழை வந்தாலோ நிலைமை வேறு. வென்றவர்க்கு 2 புள்ளி. ஆட்டம் முடிவின்றி நின்றால் இருவர்க்கும் ஒவ்வொரு புள்ளி.

அந்த ஒரு புள்ளியை அற்பமென்று எண்ணலாகாது. 1992ஆம் ஆண்டில் அடிலெய்டு நகரில் பாகிஸ்தான் அணி இங்கிலாந்துக்கு எதிராக 74 ஓட்டங்களில் சுருண்டது. தோல்வி உறுதியென்றிருந்த வேளையில் மழை குறுக்கிட்டு, ஆட்டத்தை முடிவின்றி நிறுத்தியது. பட்டியல் நிறைவுற்றபோது பாகிஸ்தானுக்கு 9 புள்ளிகள். ஆஸ்திரேலியாவுக்கும் மேற்கிந்தியத் தீவுகளுக்கும் 8 புள்ளிகள். அரையிறுதி சென்ற பாகிஸ்தானே அவ்வாண்டு கிண்ணத்தையும் வென்றது.

புள்ளிகள் சமமாயின் என் செய்வது? 2019ஆம் ஆண்டில் நியூசிலாந்தும் பாகிஸ்தானும் ஐந்தைந்து வெற்றிகளோடு 11 புள்ளிகளில் நின்றன. அப்பொழுது தீர்ப்பளித்தது ‘நிகர ஓட்ட விகிதம்’. வரவில் செலவு போக எஞ்சுவதை நிகரம் என்கிறோம் அன்றோ? அஃதே இங்கும் பொருந்தும். ஓர் அணி எடுத்த மொத்த ஓட்டங்களை அது ஆடிய ஓவர்களால் வகுத்தால் வருவது வரவு. எதிரணிகள் அதற்கெதிராக எடுத்த ஓட்டங்களை அவை ஆடிய ஓவர்களால் வகுத்தால் வருவது செலவு. 50 ஓவரில் 300 எடுத்து, 50 ஓவரில் 250 கொடுத்தால், வரவு 6, செலவு 5, நிகரம் 1. இதில் நினைவிற்கொள்ள வேண்டிய விதி ஒன்று உண்டு. 40 ஓவரில் எல்லா விக்கெட்டுகளையும் இழந்த அணிக்கு 50 ஓவர் ஆடியதாகவே கணக்கெழுதப்படும். இன்றேல், விரைந்து அடித்து விரைந்து ஆட்டமிழந்த அணி அதனால் ஆதாயம் பெற்றுவிடும்.

இக்கணக்கை அறியாமையால் விளைந்த இழப்புக்கு 2023ஆம் ஆண்டு ஆசியக் கிண்ணமே சான்று. ஒரே பிரிவில் இலங்கை, வங்காளதேசம், ஆப்கானிஸ்தான் ஆகிய மூன்று அணிகள் இருந்தன. இலங்கை வங்காளதேசத்தை வென்றது. வங்காளதேசம் ஆப்கானிஸ்தானை வென்றது. செப்டம்பர் 5ஆம் நாள் லாகூரில் இலங்கை 291 ஓட்டங்கள் எடுத்தது. ஆப்கானிஸ்தான் வெறுமனே வென்றால் போதாது; 37 ஓவரும் 1 பந்தும் முடிவதற்குள் 292 எடுத்தால்தான் ஓட்ட விகிதத்தில் இலங்கையை முந்தும். அந்த எல்லைப் பந்தில் அதன் ஒன்பதாவது விக்கெட் விழுந்தது, எண்ணிக்கை 289. எல்லாம் முடிந்ததென ஆட்டக்காரர்கள் கருதினர். உண்மையில் வழி அடைபடவில்லை. மேலும் மூன்று பந்துகளுக்குள் ஓர் ஆறு அடித்து 295ஐ எட்டியிருந்தால், எண்ணிக்கை உயர்வால் விகிதமும் உயர்ந்து, அவ்வணி அடுத்த சுற்றை அடைந்திருக்கும். அடுத்து வந்தவர் இரு பந்துகளைத் தடுத்தாடி, மூன்றாம் பந்தில் ஆட்டமிழந்தார். அணி 2 ஓட்டங்களில் தோற்றது. இந்த இரண்டாவது கணக்கு தங்களுக்கு அறிவிக்கப்படவில்லை என்று அதன் பயிற்சியாளர் ஜோனதன் டிராட் பின்னர் கூறினார். மறுமுனையில் நின்ற ரஷீத் கான் அன்று விரைவாக ஓட்டங்கள் சேர்த்துக்கொண்டிருந்தவர். ஓர் ஓட்டம் எடுத்து அவரிடம் ஆட்டத்தைக் கொடுக்கலாம் என்ற எண்ணமே, கணக்கு தெரியாமையால், எழாது போயிற்று.

ஆகவே, வானொலியில் ஆட்ட நிலவரம் கேட்கும் அன்பர்கள் வெற்றி தோல்வியோடு நின்றுவிடலாகாது. எத்தனை புள்ளி, எத்தனை ஆட்டம் எஞ்சியுள்ளது, நிகர விகிதம் யாது என்னும் மூன்றையும் ஒரு தாளில் குறித்து வருதல் நன்று. பள்ளிப் பிள்ளைகளையும் அருகிருத்தி வகுத்துப் பார்க்கச் சொன்னால், பொழுதுபோக்கோடு கணிதப் பயிற்சியும் கிட்டும். தோற்கும் ஆட்டத்திலும் கடைசியில் சேர்க்கும் பத்து ஓட்டங்கள் வீணல்ல என்பதும், எளிதாக வெல்லும் ஆட்டத்திலும் விரைவு வேண்டும் என்பதும் அப்பொழுது தாமே விளங்கும்.