கொள்ளை வழக்கில் மேல்முறையீடு: 14 நாள்களைத் தவறவிடக்கூடாது

தண்டனை விதிக்கப்பட்டு நீதிமன்றத்தைவிட்டு வெளியே வரும் குடும்பத்தினருக்கு எழும் முதல் கேள்வி, “இனி என்ன செய்யலாம்?” என்பதே. மேல்முறையீடு செய்யலாம். ஆனால், தண்டனை விதிக்கப்பட்டதிலிருந்து 14 நாள்களுக்குள் அதற்கான அறிவிப்பைத் தாக்கல் செய்ய வேண்டும்.

சிங்கப்பூர்த் தண்டனைச் சட்டத்தின் 392ஆம் பிரிவின்கீழ், கொள்ளைக் குற்றத்திற்கு ஈராண்டு முதல் பத்தாண்டு வரையிலான சிறையும் குறைந்தது ஆறு பிரம்படிகளும் விதிக்கப்படும். இரவு 7 மணிக்கும் காலை 7 மணிக்கும் இடையில் குற்றம் நடந்திருந்தால் மூன்றாண்டு முதல் 14 ஆண்டு வரை சிறை, குறைந்தது 12 பிரம்படிகள். பெண்களுக்கும் 50 வயதைக் கடந்த ஆண்களுக்கும் பிரம்படி கிடையாது.

எதை எதிர்க்கலாம்?

வழக்கு விசாரணைக்குப் பிறகு குற்றவாளி எனத் தீர்ப்பளிக்கப்பட்டவர், தீர்ப்பு, தண்டனை இரண்டையுமே எதிர்க்கலாம். குற்றத்தை ஒப்புக்கொண்டவர் பொதுவாகத் தண்டனையை மட்டுமே எதிர்க்க முடியும். சட்டம் வகுத்துள்ள குறைந்தபட்சத் தண்டனையை ஏற்கெனவே பெற்றவருக்கு அதற்கும் கீழே குறைய வாய்ப்பு மிகக் குறைவு.

தீர்ப்பை எதிர்ப்போருக்கு ஒரு விவரம் முக்கியம். பொருளை எடுத்ததோடு காயம் விளைவித்திருந்தாலோ உடனடியாகக் காயப்படுத்தப்போவதாக அச்சுறுத்தியிருந்தாலோ அது கொள்ளை. அது நிரூபிக்கப்படவில்லை என்று உயர் நீதிமன்றம் கருதினால், குற்றத்தைத் திருட்டு என மாற்றலாம். அப்போது கொள்ளைக்குரிய கட்டாயப் பிரம்படி இராது.

உயர் நீதிமன்றம் வழக்கை முதலிலிருந்து மீண்டும் விசாரிப்பதில்லை. வழக்குப் பதிவேடுகளைப் படித்து, தீர்ப்பு ஆதாரங்களுக்கு முரணானதா, சட்டப்படி தவறானதா, தண்டனை வெளிப்படையாகவே மிகையானதா என்று பார்க்கும். “குடும்பம் தவிக்கிறது” என்பது மட்டும் போதாது.

மூன்று படிகள்

முதலில் மேல்முறையீட்டு அறிவிப்பு. சிறையில் இருப்பவர், கெடு முடிவதற்குள் சிறைப் பொறுப்பதிகாரியிடம் வாய்மொழியாகவோ எழுத்து மூலமாகவோ தெரிவித்தாலே போதும்.

அடுத்து, வழக்குப் பதிவேடுகளும் நீதிபதியின் தீர்ப்புக் காரணங்களும் மேல்முறையீட்டாளரிடம் வழங்கப்படும்.

அவை கிடைத்த 14 நாள்களுக்குள் மேல்முறையீட்டு மனுவைத் தாக்கல் செய்ய வேண்டும். பலரும் மறந்துவிடும் கெடு இது. தவறினால் மேல்முறையீடு மீட்டுக்கொள்ளப்பட்டதாகக் கருதப்படும். கூடுதல் அவகாசம் கேட்டு விண்ணப்பிக்கலாம். ஆனால் தாமதத்திற்குத் தக்க காரணம் காட்ட வேண்டும்.

தெரிந்துகொண்டு முடிவெடுக்கலாம்

மேல்முறையீடு செய்ததாலேயே சிறைத்தண்டனை நின்றுவிடாது. அதனை நிறுத்திவைக்கவும் பிணைக்கும் தனியாக விண்ணப்பிக்க வேண்டும். தண்டனையைக் குறைக்க மட்டுமன்றிக் கூட்டவும் உயர் நீதிமன்றத்திற்கு அதிகாரம் உண்டு. அதன் முடிவுக்குப் பிறகு, பொது நலன் சார்ந்த சட்டக் கேள்வி இருந்தால் மட்டுமே, அனுமதி பெற்று மேல்முறையீட்டு நீதிமன்றத்தை நாட முடியும்.

வழக்கறிஞர் வைக்க வசதியில்லாத சிங்கப்பூரரும் நிரந்தரவாசிகளும், தங்களுக்குத் தகுதி உண்டா எனப் பொதுத் தற்காப்பு வழக்கறிஞர் அலுவலகத்தில் விசாரிக்கலாம். தண்டனை கிடைத்த நாளிலேயே விசாரிப்பது நல்லது. 14 நாள்கள் விரைவில் ஓடிவிடும்.