நகர்ந்து சென்ற கலங்கரை விளக்கம்

நாற்காலி ஆடுவதுண்டு, முக்காலி ஆடுவதில்லை. ஏன் தெரியுமா? மூன்று புள்ளிகள் எப்போதும் ஒரே தளத்தில் அமையும். நான்காவதும் அதே தளத்தில் அமையும் என்பதற்கு உறுதியில்லை. இந்தச் சிறிய உண்மை ஒரு கலங்கரை விளக்கத்தைக் காப்பாற்ற உதவியது.

அமெரிக்காவில், வட கரோலினாவின் கேப் ஹாட்டெரஸ் கடற்கரையில் 1870இல் எழுந்த செங்கற் கோபுரம் அது. உயரம் சுமார் 60 மீட்டர். அன்று கடல் 1,500 அடி தள்ளியிருந்தது. அலைகள் மணலை அரித்து அரித்து, 1970இல் எஞ்சியது வெறும் 120 அடி! சுவரெழுப்பிக் கடலைத் தடுக்கலாம் என்றனர் சிலர். கோபுரத்தையே நகர்த்துவதென முடிவாயிற்று.

எடையோ ஏறத்தாழ 4,800 டன்! 1999இல் அடித்தளத்தை அறுத்து, எஃகு உத்திரங்களைச் செருகி, 100 ஜாக்கிகளால் தூக்கினார்கள். லாரிக்கு டயர் மாற்றும்போது பார்த்திருப்பீர்களே, அவற்றின் பெரிய உறவினர்கள்! இவற்றை மூன்று தொகுதிகளாகப் பிரித்து, ஒவ்வொரு தொகுதியையும் குழாய்களால் இணைத்தார்கள். பாஸ்கல் விதிப்படி ஒரு தொகுதிக்குள் அழுத்தம் சமமாகவே இருக்கும். எனவே பாதை சற்று மேடுபள்ளமானாலும், கோபுரம் முக்காலிபோல் நின்றது.

தண்டவாளத்தின்மேல் உருளைகளில் ஐந்தைந்து அடியாகத் தள்ளி, 2,900 அடியைக் கடக்க 23 நாட்களாயின. ஆமைகூட முந்தியிருக்கும்! கடலிலிருந்து பழையபடி ஏறக்குறைய 1,500 அடி தொலைவில் நின்று, அவ்வாண்டு நவம்பரில் அது மீண்டும் ஒளி வீசியது.